அலமாரிக்குள் ஒரு ஜப்பான் பாட்டு

தன்மேல் விழுந்த பழிக்கு ஒரு வார்த்தை பதில் சொல்லாத ஒருவரை எனக்குத் தெரியும். பிள்ளைகளே, பக்கத்து வீட்டில் இருக்கிற பெண்பிள்ளையைத் தினமும் பார்க்கிறீர்கள் அல்லவா, அவளுடைய உம்மாதான் அவர். உங்களுக்கு மாமி முறை. என் கூடப்பிறந்த அக்கா இல்லை அவர். ஆனாலும் சின்ன வயதிலிருந்து நான் லாத்தா என்றுதான் கூப்பிட்டு வந்தேன். அவருடைய பேரை இதில் எழுதப் போவதில்லை. தன் பேர் எங்கேயும் வரக் கூடாது என்று அவர் என்னிடம் சொல்லியிருக்கிறார்.

அவர் தெருவை விட்டுப் போனபோது நீங்கள் ரெண்டு பேரும் சிறுபிள்ளைகள். அவரைப் பற்றித் தெருவில் ஒரு கதை உலவுகிறது. அந்தக் கதை உங்கள் காதுக்கும் வந்துவிட்டது என்று போன வாரம் தெரிந்துகொண்டேன். அதனால்தான் இதை எழுதுகிறேன். நான் பத்தாவதோடு நின்றவன். கோர்வையாக எழுத வராது. நினைவுக்கு வருகிறபடி எழுதுகிறேன், பொறுத்துக்கொண்டு படியுங்கள்.

லாத்தா உயரமானவர். ஒல்லி. நடையில் எப்போதும் ஒரு அவசரம் இருக்கும், பேச்சில் அவசரமே இருக்காது. வேலை செய்யும்போது சேலை முந்தானையைப் பல்லில் கவ்விக்கொள்வார். பாத்திரம் துலக்கினாலும், துணி பிழிந்தாலும், மாமியாரைத் தூக்கி உட்கார வைத்தாலும் முந்தானை வாயில்தான் இருக்கும். எதிரே நிற்கிறவர் ஏதாவது கேட்டால் அதை எடுத்துவிட்டுப் பதில் சொல்ல வேண்டும். பல நேரம் எடுக்க மாட்டார். தலையை மட்டும் அசைப்பார்.

ஓதுகிற பள்ளியில் எங்களுக்கெல்லாம் மூத்தவர் அவர். அரபு எழுத்தைக் கூட்டி ஓதக் கற்றுக்கொள்கிற வயதில் எங்களுக்கு அர்த்தம் ஒன்றும் தெரியாது. ஓசை சரியாக இருக்க வேண்டும், அவ்வளவுதான். இந்த எழுத்து தொண்டையின் அடியில் பிறக்கும், இது நாக்கின் ஓரத்தில் பிறக்கும் என்று உஸ்தாது சொல்லித் தருவார். எங்களுக்கு எல்லா எழுத்தும் ஒரே இடத்தில்தான் பிறந்தன. "ஏலே, முறுக்கு திங்குத மாதிரி ஓதாத. அந்தப் புள்ளய ஓதச் சொல்லிக் கேளு," என்று அவரைக் காட்டுவார். லாத்தா ஓதினால் பள்ளிக்கு வெளியே சைக்கிளில் போகிறவர்கூட ஒரு காலை ஊன்றி நின்றுவிட்டுப் போவார். அர்த்தம் தெரியாத மொழியை ஒரு எழுத்து பிசகாமல் வாங்கி, அப்படியே திருப்பிக் கொடுக்கிற காது அவருக்கு இருந்தது. அந்தக் காதுதான் பின்னால் வினையாகப் போனது.

என் உம்மா ஒரு சங்கதி அடிக்கடி சொல்வார்கள். தெருப் பெண்களெல்லாம் பீடி சுற்றிக் கடையில் கொண்டுபோய்க் கொடுத்த காலம். பீடியைச் சோதித்து வாங்குகிற செக்கர் ஒருநாள் ஒரு கட்டைத் தூக்கி எறிந்து, "இது என்ன பீடியா, வெளக்குமாத்துக் குச்சியா? யாரு கட்டு இது?" என்று சத்தம் போட்டிருக்கிறான். அது என் உம்மா சுற்றிய கட்டு. உம்மா வாயைத் திறப்பதற்குள் லாத்தா குனிந்து அதை எடுத்துக்கொண்டு ஒரு ஓரமாகப் போய் உட்கார்ந்து, பிரித்துத் திரும்பச் சுற்றிக் கொண்டுவந்து வைத்துவிட்டார். அன்றைக்கு ஏச்செல்லாம் அவருக்குத்தான்.

வரும் வழியில் உம்மா கேட்டிருக்கிறார்கள். "ஏளா, ஒன்னுது இல்லேன்னு சொன்னா என்ன?"

"சொன்னா ஒங்கள ஏசுவான். என்னைய ஏசுனா எனக்கு ஒண்ணும் ஆவாது மாமி."

இதை அவருடைய பெருந்தன்மை என்று உம்மா சொல்வார்கள். நானும் அப்படித்தான் நினைத்துக்கொண்டிருந்தேன். ஒரு மனிதருக்கு வேறு வழியே தெரியாமலும் இருக்கலாம் என்று அப்போது தோன்றவில்லை.

பக்கத்து வீட்டுக்கு மருமகளாக வந்தார். அவருடைய கணவரை நான் மச்சான் என்பேன், சவூதியில் தம்மாமில் லாரி ஓட்டுகிறார். ரெண்டு வருடத்துக்கு ஒரு தடவை வருவார். நல்ல மனிதர். வெள்ளிக்கிழமை ஜும்ஆ தொழுகை முடிந்ததும் போன் பண்ணி, முதலில் தன் உம்மாவிடமும் பிறகு மகளிடமும் கடைசியில் லாத்தாவிடமும் பேசுவார். வீட்டில் மாமியாரும் லாத்தாவும் சின்னப் பிள்ளையும்தான். மாமியாருக்குச் சர்க்கரை. கண் பார்வை மங்கிவிட்டது. வலது காலில் ஒரு புண் வருடக்கணக்கில் ஆறாமல் கிடந்தது. லாத்தா தினமும் காலையும் மாலையும் வெந்நீர் வைத்து அந்தக் காலைக் கழுவித் துடைத்து, மருந்து வைத்துக் கட்டுவார். அந்த நாற்றத்தில் நான் வாசலோடு நின்றுவிடுவேன். அவர் தரையில் சம்மணமிட்டு உட்கார்ந்து, காலை மடியில் தூக்கி வைத்திருப்பார்.

மாமியார் லேசுப்பட்டவர் இல்லை. தெருவில் போகிற ஆட்டைக்கூட ஏசுவார். "ஏளா, உப்பளத்துக்குப் போயா கஞ்சி காய்ச்சுனே?" என்று கிண்ணத்தைத் தள்ளுவார். சற்று முன்னால்தான் தடவித் தடவி அவரே ஒரு கை உப்பை அள்ளிப் போட்டிருப்பார். லாத்தா கிண்ணத்தை எடுத்துப்போய் வெந்நீர் விட்டுக் கலக்கிக்கொண்டு வருவார்.

இனிப் பாட்டுக்கு வருகிறேன்.

வண்ணார்பேட்டையில் என் செல்போன் ரிப்பேர் கடைக்கு லாத்தா ஒருநாள் உடைந்த டிஸ்ப்ளேயோடு வந்தார். மாற்றிக் கொடுத்ததும் ஒரு வீடியோவைப் போட்டுக் காட்டினார். ஒரு பெண் கேக் செய்துகொண்டிருந்தாள்.

"பின்னால ஒரு பாட்டு ஓடுதுலா தம்பி, அது எந்த ஊருப் பாட்டு?"

போனிலேயே தேடிப் பார்த்துச் சொன்னேன். ஜப்பான் பாட்டு. கேசட் காலத்தது. சிட்டி பாப் என்று அந்த வகைக்குப் பேர். கடலோர ரோட்டில் காரில் போவது, மாடிவீட்டு ஜன்னல் விளக்கு, எடுக்க ஆளில்லாமல் அடிக்கிற டெலிபோன், இப்படிப்பட்ட பட்டணத்துச் சமாசாரங்களைப் பாடுகிற பாட்டு. அந்த ஊரிலேயே மறந்துபோன ஒன்றை, இப்போது வேறு வேறு நாட்டுப் பிள்ளைகள் கம்ப்யூட்டரில் தோண்டி எடுத்துக் கேட்கிறார்கள். கேட்பதோடு விடவில்லை. டிரம், கிடார், டிரம்பெட் என்று ஒவ்வொரு வாத்தியத்தையும் முதலிலிருந்து கம்ப்யூட்டரில் அடுக்கி அதே பாட்டைப் புதிதாகக் கட்டுகிறார்கள். யாரும் கூலி தருவதில்லை, ஆசைக்குச் செய்வது. அதற்கு மேலே ராத்திரி நேரப் பட்டணத்தைக் கார்ட்டூன் மாதிரி வரைந்து போட்டுவிடுகிறார்கள். உங்கள் போனில் ஓடுகிறதெல்லாம் இந்த வகைதான்.

எனக்கு அது ஏசி பஸ்ஸில் ஏறி உட்கார்ந்த மாதிரி இருந்தது, அவ்வளவுதான். லாத்தா போனைக் காதோடு ஒட்டி வைத்துக்கொண்டு நின்றார்.

"சிரிச்சிக்கிட்டே அழுவுதா தம்பி இந்தப் பொம்பள. கேட்டியா?"

"எனக்குச் சிரிக்குறதே கேக்கல லாத்தா."

"ஒனக்கு எப்பிடிக் கேக்கும், முறுக்குத் திங்குத பய," என்றார். அவர் கேலி பேசி நான் கேட்டது அபூர்வம்.

மணிலாவில் ஒரு பல் டாக்டர் இருந்தார். பல் பிடுங்குகிற நேரம் போக மிச்ச நேரமெல்லாம் இந்தப் பாட்டுகளைத் திரும்பக் கட்டுவதுதான் அவருக்கு வேலை. வாத்தியத்தை மட்டும் கட்டி வெளியிட்டு, பாடத் தெரிந்தவர்கள் பாடி அனுப்புங்கள் என்று கேட்டிருந்தார். அதை லாத்தா பார்த்துவிட்டார். ஒரு மாதம் போலக் கழித்து என் போனுக்கு அவருடைய குரல் வந்து விழுந்தது. அனுப்பிவிடு, பேரும் வேண்டாம் ஊரும் வேண்டாம் என்று ஒரு வரி.

எங்கே வைத்துப் பாடினார் தெரியுமா? அலமாரிக்குள். தெருச் சத்தம் பதிவில் விழக் கூடாது, தன் சத்தமும் தெருவில் விழக் கூடாது. மாமியார் அசருகிற மதிய நேரம் பார்த்து, துணி அலமாரியைத் திறந்து, தொங்குகிற சேலைகளுக்கும் கம்பளிகளுக்கும் நடுவே புகுந்து கதவைச் சாத்திக்கொள்வார். போனை ஹேங்கரில் கட்டித் தொங்கவிட்டிருப்பார். ஒரு பாட்டு முடித்து வெளியே வரும்போது குளித்த மாதிரி நனைந்திருப்பார்.

டாக்டர் அதைக் கேட்டுவிட்டுப் பதில் எழுதினார். போன் மொழிபெயர்த்துக் காட்டியதை நான் வாசித்தேன். "நீங்கள் யார்? இத்தனை நாள் எங்கே இருந்தீர்கள்?" அவ்வளவுதான் எழுதியிருந்தார்.

பாட்டு வெளியே போனது. ஜப்பானிலிருந்து வயதானவர்கள் எழுதினார்கள். ஒருவர் காரை ஓரமாக நிறுத்திவிட்டுக் கேட்டாராம். ஒரு அம்மாள், இந்தப் பெண் எங்கள் ஊர்ப் பக்கத்துப் பேச்சில் பாடுகிறாள், எங்கள் ஊரில் எந்தத் தெரு என்று கேட்டிருந்தார். அதை வாசித்ததும் லாத்தா முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு குலுங்கினார்.

"மேலப்பாளையம் சந்தை முக்குன்னு எழுதிவிடு."

"எழுதட்டுமா?"

"எழுதுனா கைய ஒடிப்பேன்."

பாடுகிறவர் படம் வர வேண்டிய இடத்தில் டாக்டர் வெறும் வெள்ளை வட்டம் ஒன்றைப் போட்டார். கேட்கிறவர்கள் அதற்கு ஆயிரம் கதை கட்டினார்கள். பழைய காலத்தில் பதிவாகி வெளியே வராமல் போன டேப் இது என்று ஒருவன் அடித்துச் சொன்னான்.

"தமிழ்ப் பாட்டே பாடலாம்லா லாத்தா?" என்று ஒருநாள் கேட்டேன்.

"தமிழ்ல பாடுனா இங்கன யாருக்காவது வெளங்கும்லா," என்றார்.

ஒரு பாட்டை அவர் படிக்கிற விதம் இதுதான். எழுதி வைத்துக்கொள்ள மாட்டார். ஓதுகிற பள்ளியில் பாடம் செய்த மாதிரி, ஒரு அடியை எடுத்து நாள் முழுக்க வாய்க்குள் உருட்டிக்கொண்டே இருப்பார். தண்ணீர் பிடிக்கும்போது, மாவு பிசையும்போது, கஞ்சி கிண்டும்போது உதடு அசையும், சத்தம் மூக்குக்குள்ளேயே நிற்கும். அடுத்த நாள் அடுத்த அடி. இதற்காகவே முந்தானையை வாயிலிருந்து விட்டிருந்தார் என்பதை நான் கவனிக்கவில்லை. அந்தச் சத்தத்தைக் கவனித்தது கண் தெரியாத மாமியார்.

கண் போனவருக்குக் காது கூர்மையாக இருக்கும். அறுபது வருடம் ஓதலைக் கேட்டுக் கேட்டுப் பழகிய காது. மருமகள் என்னவோ முணுமுணுக்கிறாள். அரபு இல்லை. தமிழ் இல்லை. உருதும் இல்லை. முதல் வாரம் துஆ ஏதோ ஓதுகிறாள் என்று நினைத்தாராம். பிறகு பயம் வந்துவிட்டது. அந்தப் பயத்துக்கு ஒரு காரணம் இருந்தது, அதைத்தான் நீங்கள் கவனிக்க வேண்டும். கஞ்சி கொதிக்கக் கொதிக்க இருக்கும். மாமியாருக்கு வாயெல்லாம் புண். லாத்தா பக்கத்தில் உட்கார்ந்து முணுமுணுத்துக்கொண்டே கரண்டியால் அள்ளி, ஊதி ஊதி ஆற்றுவார். பிறகு ஊட்டுவார். நம் வீட்டில் உங்களுக்குக் காய்ச்சல் என்றால் தண்ணீரில் ஓதி ஊதிக் கொடுக்கிறோமே, அதே வாய், அதே ஊதல். ஆனால் ஓதுவது இன்னதென்று தெரியவில்லை. கண் தெரியாத ஒரு கிழவிக்கு என்ன தோன்றும்?

அதே நேரத்தில் காலில் புண் கறுத்தது. ஆஸ்பத்திரியில் ரெண்டு விரலை எடுத்தார்கள். திரும்பி வந்ததும் மாமியார் தன் மகளைக் கூப்பிட்டு, மருமகள் கஞ்சியில் என்னவோ ஓதி ஊதுகிறாள் என்று சொல்லிவிட்டார். அந்த மகள், அதாவது லாத்தாவின் நாத்தனார், கொக்கிரகுளத்திலிருந்து வந்து, அடுப்படிக் கதவுக்குப் பின்னால் நின்று தன் காதாலும் கேட்டார். அவ்வளவுதான். மறுநாளிலிருந்து கிழவி கஞ்சி குடிக்க மறுத்தார்.

அந்த வீட்டில் எல்லாரும் கூடிய நாள் எனக்கு இன்னும் கண்ணுக்குள் நிற்கிறது. அசர் தொழுகை முடிந்த சாயங்கால நேரம். நாத்தனார், அவருடைய கணவர், பெரிய பள்ளிவாசலில் தொழ வைக்கிற ஹஸ்ரத், பக்கத்து வீட்டுக்காரன் என்று நான். மச்சான் வீடியோ காலில் இருந்தார். போனைச் சுவரில் சாய்த்து வைத்திருந்தார்கள். லாத்தா அடுப்படி நிலையில் தலையில் முக்காடோடு நின்றார். மகள் அவருடைய சேலையைப் பிடித்துக்கொண்டு நின்றாள்.

"கஞ்சில என்ன ஓதி ஊதுனேன்னு கேளுங்க ஹஸ்ரத்," என்றார் நாத்தனார். "எங்க உம்மாக்கு ரெண்டு வெரலு போச்சு. காலு போற வரைக்கும் பாத்துக்கிட்டு இருக்கணுமா?"

லாத்தா முக்காட்டை இழுத்துவிட்டுக்கொண்டார்.

நான் பொறுக்க மாட்டாமல் சொன்னேன். "அது ஓதல் இல்ல, பாட்டு. ஜப்பான் பாட்டு. லாத்தா பாடி அனுப்புதாங்க. இந்தா கேளுங்க." போனில் போட்டேன். டிரம் அடித்தது, டிரம்பெட் ஊதியது, குரல் ஏறியது. படத்தில் நீல வெளிச்சத்தில் உயர உயரக் கட்டடங்கள்.

நாத்தனார் கைகொட்டிச் சிரித்தார். "இங்கிலீசுல பெயிலாகி எட்டாவதோட நின்னவ, மாவு பெசஞ்சிக்கிட்டே ஜப்பான் பாஷை படிச்சிட்டாளாக்கும்! ஏம் தம்பி, பொய் சொல்லுதது சொல்லுத, இந்த ஊருக்குள்ள சொல்லப்பிடாதா?"

"நீதானா பாடுனது?" என்று போனுக்குள்ளிருந்து மச்சான் கேட்டார். "சொல்லு. ஆமான்னா ஆமான்னு சொல்லு, இல்லன்னா இல்லன்னு சொல்லு. வேலையப் போட்டுட்டு நிக்கேன்."

லாத்தா அந்தச் சின்னக் கண்ணாடிக்குள் தெரிந்த முகத்தையே பார்த்தார்.

ஹஸ்ரத் நிதானமானவர். அவரை யாரும் குறை சொல்ல முடியாது. "சூனியம்னு ஒருத்தர் மேல சொல்லுதது சின்னப் பேச்சு இல்லம்மா," என்றார் நாத்தனாரிடம். "அல்லாக்குப் பதில் சொல்லணும். பாட்டுன்னா பாட்டுன்னு தெரிஞ்சா போதும். ஆம்பளைங்க எல்லாரும் வெளிய வாங்க. போனையும் அமத்திருங்க. அந்தப் புள்ள பொம்பளைங்க முன்னால ரெண்டு அடி பாடட்டும். குரலு ஒத்து வந்தா இன்னையோட இந்தப் பேச்சு முடிஞ்சிது."

நாங்கள் தெருவுக்கு வந்தோம். நாத்தனார் கதவைச் சாத்தினார். ஒரு அடி போதும். வீடு இருக்கும், மகள் இருப்பாள், மச்சான் கோபித்தாலும் ரெண்டு வாரத்தில் இறங்கி வந்துவிடுவார். ஹஸ்ரத் தஸ்பீஹ் மணியை உருட்டிக்கொண்டிருந்தார். நாத்தனாரின் கணவர் சாக்கடை ஓரம் நின்று செருப்பில் ஒட்டியதைத் தேய்த்துக்கொண்டிருந்தார். நான் காதைத் தீட்டிக்கொண்டு நின்றேன். எங்கோ குக்கர் விசில் அடித்தது. கறிக்கடைக்காரர் சத்தம் கேட்டது. உள்ளேயிருந்து ஒரு சத்தமும் வரவில்லை.

கதவைத் திறந்து நாத்தனார் சொன்னார். "வாயத் தொறக்க மாட்டேங்கா. தரையப் பாத்துக்கிட்டே நிக்கா."

மறுநாள் காலையில் புதுப் பஸ் ஸ்டாண்டுக்கு நான்தான் ஆட்டோவில் கொண்டுபோய் விட்டேன். கடையநல்லூரில் அவருடைய தம்பி வீட்டுக்கு. கொஞ்ச நாள் அங்கன இருக்கட்டும் என்று மச்சான் சொல்லியிருந்தார். பிள்ளையை அனுப்பவில்லை. பரீட்சை முடியட்டும் என்றார்கள். தென்காசி பஸ் கிளம்பக் கொஞ்ச நேரம் இருந்தது.

"ஒரு அடி பாடியிருந்தா முடிஞ்சிருக்கும்லா லாத்தா?"

அவர் மடியில் இருந்த பையின் வாரை இழுத்து இழுத்து விட்டுக்கொண்டிருந்தார். "பதினோரு வருசம் அந்தக் காலக் கழுவுனேன் தம்பி. அது போதாதுன்னா, பாட்டுப் பாடியா நம்ப வைக்கணும்?" என்றார். கொஞ்சம் பொறுத்து, "மொதல்ல அவங்க கால யாரு கழுவுவான்னு கேளு. ராத்திரி கட்டு மாத்தல," என்றார்.

அவர் செய்தது சரி என்று நான் உங்களுக்குச் சொல்லித் தர மாட்டேன். எனக்கு இன்னும் தெரியவில்லை. அந்தக் கதவைச் சாத்திய நேரத்தை நினைத்தால் சில நாள் அவர்மேல் கோபம்கூட வருகிறது. பிள்ளைக்காகவாவது பாடியிருக்கலாமே என்று தோன்றும். ஆனால் வாழ்நாள் முழுக்க மற்றவர் கட்டையும் தன் கட்டென்று எடுத்துப் பிரித்துச் சுற்றியவரிடம், உன்னுடையது எது என்று திடீரென்று கேட்டால் வாய் எப்படி வரும்?

அவர் போன பிறகு அந்தக் காலை ஒழுங்காகப் பார்க்க ஆளில்லை. நாத்தனார் மூக்கைப் பொத்திக்கொண்டு கட்டுவார், ஒரு நாள் விட்டு ஒரு நாள் கட்டுவார். முழங்காலோடு எடுத்தார்கள். அதற்கு அடுத்த மழைக்காலத்தில் கிழவி கண்ணை மூடி மவுத்தானார். அதற்கு முன்னால் ஒருநாள் பார்க்கப் போயிருந்தேன். பக்கத்தில் யாரும் இல்லை என்று தெரிந்துகொண்டு என் கையைப் பிடித்து இழுத்தார்.

"ஏலே, இவ சுடச்சுடக் கொண்டாந்து வைக்கா. நாக்கு வெந்துபோவுது. அவ ஊதுனா பக்குவமா இருக்கும்."

"அவங்களக் கூப்பிடச் சொல்லட்டுமா பெரியம்மா?"

கையை விட்டுவிட்டார். "வேண்டாம்லே. மிச்சக் காலு ஒண்ணுதான் இருக்கு."

மச்சான் தலாக் சொல்லவில்லை. திரும்பக் கூப்பிடவும் இல்லை. பரீட்சை முடிந்தது, அடுத்த பரீட்சையும் முடிந்தது. பிள்ளை நாத்தனார் வளர்ப்பில் அந்த வீட்டிலேயே இருந்தாள். மகளை அனுப்பாவிட்டாலும் பேசவாவது விடுங்கள் என்று லாத்தாவின் தம்பி ஒரு தடவை வந்து கேட்டுவிட்டுப் போனார். போனில்கூட ஓதிவிடுவாள் என்று நாத்தனார் விடவில்லை.

மணிலாக்காரர் மாதக்கணக்கில் கேட்டுக்கொண்டே இருந்தார். குரல் எங்கே, நலமா, கோபமா என்று. இனிப் பாட மாட்டார் என்று மட்டும் நான் எழுதினேன். அவரும் கேட்கிறவர்களும் அதை வேறு விதமாகப் புரிந்துகொண்டார்கள். வெள்ளை வட்டத்தைச் சுற்றிக் கறுப்புக் கோடு போட்டு, பூவும் மெழுகுவர்த்தியுமாக ஒரு படம் வெளியிட்டார்கள். உலகம் முழுவதிலிருந்தும் அஞ்சலி. பிறகு, அவரைச் சாக விட மாட்டோம் என்று, லாத்தா பாடிய பாட்டுகளை எல்லாம் கம்ப்யூட்டருக்குக் கொடுத்து அந்தக் குரலை அதற்குப் பழக்கினார்கள். லாத்தா பாடியே இராத பாட்டுகளை அந்தக் குரல் இப்போது பாடுகிறது. அவர்கள் அன்பால்தான் செய்தார்கள். நான் ஒன்றைப் போட்டுப் பாதியிலேயே நிறுத்திவிட்டேன்.

கடையநல்லூருக்குப் போயிருந்தபோது அதைப் போட்டுக் காட்டினேன். தம்பி வீட்டு அடுப்படியில் தேங்காய் துருவிக்கொண்டே கேட்டார்.

"நான் செத்துட்டேன்னா சொல்லுதாங்க?"

"ஆமா லாத்தா. இல்லேன்னு எழுதட்டுமா?"

"இருக்கட்டும். அங்கனயும் எதுக்கு வெளக்கம் சொல்லிக்கிட்டு." பாட்டு முடிகிற வரைக்கும் கேட்டார். "நல்லாத்தான் பாடுதா. ஆனா ஒரு எடத்துலயும் மூச்சு விடலியே தம்பி. பாவம்."

அன்றைக்குத்தான், எனக்குத் தெரிந்து முதல் தடவையாக, தனக்காக ஒன்று கேட்டார். நான் செருப்பைப் போட்டுக்கொண்டு வாசலில் நிற்கும்போது பின்னால் வந்தார்.

"ஊருக்குத் தெரிய வேண்டாம். எம்புள்ளைக்கு மட்டும் தெரியணும். பெரிய புள்ள ஆயிட்டாள்ல, வெளங்கும். நான் மொதல்ல பாடுனேன்லா, அத அவளக் கேக்க வையி. உம்மா இதத்தான் சொல்லிக்கிட்டு இருந்தான்னு சொல்லு. வேற ஒண்ணும் சொல்ல வேண்டாம்."

போன வாரம் புதன்கிழமை அது வாய்த்தது. நாத்தனார் பாளையங்கோட்டைக்குத் தாலுகா ஆபீஸ் வேலையாகப் போயிருந்தார். பிள்ளை பள்ளிக்கூடத்திலிருந்து வந்து, யூனிபாரத்தோடு வாசல்படியில் நின்று ஷூ கழற்றிக்கொண்டிருந்தாள். நான் போய், "உம்மா ஒனக்கு ஒண்ணு குடுத்துவிட்டிருக்காங்கம்மா," என்றேன். அவள் நிமிர்ந்து பார்த்தாள். முகத்தில் ஒரு ஆசை வந்ததை நான் பார்த்தேன், பொய் சொல்லவில்லை. என்ன மாமா என்று பக்கத்தில் வந்தாள். நான் பாட்டைப் போட்டேன். வாத்தியம் சேர்க்காத வெறும் குரல். முதல் அடி பாதிகூட வரவில்லை.

ரெண்டு கையாலும் காதைப் பொத்திக்கொண்டாள்.

"வேண்டாம் மாமா. அமத்துங்க மாமா. காது வழியா ஏறிரும்னு மாமி சொல்லிருக்காங்க. அல்லாவுக்காக அமத்துங்க."

அமர்த்திவிட்டேன். அதற்குப் பிறகும் அவள் கையை எடுக்கவில்லை. ஒரு காலில் ஷூவும் ஒரு காலில் சாக்ஸுமாக உள்ளே ஓடிக் கதவைப் பூட்டினாள். அன்று சாயங்காலம்தான் நீங்கள் ரெண்டு பேரும் என்னிடம் வந்து, பக்கத்து வீட்டுப் பிள்ளையின் உம்மா சூனியக்காரியாமே என்று கேட்டீர்கள். நான் பதில் சொல்லாமல் மாடிக்குப் போய்விட்டேன்.

மாடியில் நிற்கும்போது லாத்தாவிடமிருந்து போன் வந்தது. ஹலோகூடச் சொல்லவில்லை.

"கேட்டாளா?"

பொய் சொல்லிவிடலாம் என்று நினைத்தேன். வரவில்லை. "காதப் பொத்திக்கிட்டா லாத்தா," என்றேன்.

அவர் மூச்சு விடுவது மட்டும் கேட்டது. போனை வைத்துவிடுவார் என்று காத்திருந்தேன்.

"ரெண்டு கையாலயுமா?"

"ஆமா லாத்தா."

"கையில வளையல் கெடந்துச்சா?"

எனக்கு ஒரு கணம் விளங்கவில்லை. பிறகு யோசித்துச் சொன்னேன். "கெடந்துச்சு."

"தங்கமா, கண்ணாடியா?"

"கண்ணாடி வளையல்தான். பச்ச."

"பச்சையா," என்றார். "எறுக்கமா இருந்துச்சா, கொஞ்சம் தொளதொளன்னு இருந்துச்சா?"

"பொத்தும்போது முழங்கை வரைக்கும் எறங்குச்சு லாத்தா."

"அப்ப மெலிஞ்சிருக்கா," என்றார்.